நரைத்த தேக்கு

மரக்காணத்தைத் தாண்டிப் புதுச்சேரிக்குப் போகும் கிழக்குக் கடற்கரைச் சாலையை ஒட்டி, தகரக் கொட்டகை போட்ட மரப்பட்டறை ஒன்று இருக்கிறது. கடலோர விடுதிகளின் தோட்டங்களில் வெயிலிலும் மழையிலும் கிடந்த தேக்கு பெஞ்சுகளும் சாய்வு நாற்காலிகளும் பழுது பார்க்க இங்கே வருகின்றன. வாசலில் இறக்கி வைத்திருந்தவை எல்லாம் சாம்பல் நிறம். சட்டங்களின் இடுக்கில் பச்சைப் பாசி. பார்த்தவர்கள் விறகுக்கு என்றுதான் நினைப்பார்கள்.

“மரம் நரைச்சிருக்கு, அவ்வளவுதான் சார். உள்ள அப்படியே இருக்கு” என்றார் மேஸ்திரி. கைப்பிடியின் அடிப்பக்கத்தில் உளியால் லேசாக ஒரு சீவு சீவினார். மெல்லிய சுருள் விழுந்த இடத்தில் தேன் நிறம் தெரிந்தது.

மரநார்களைப் பிணைத்து வைத்திருப்பது லிக்னின். வெயிலின் புற ஊதாக் கதிர் அதைச் சிதைக்கிறது. மழை கழுவிக்கொண்டு போகிறது. மேலே மிஞ்சும் வெளிறிய நார்தான் நம் கண்ணுக்குச் சாம்பலாகத் தெரிகிறது. பெரும்பாலும் ஒரு மில்லிமீட்டர் ஆழம்கூட இராது. ஆகவே இந்தத் தொழிலின் சூட்சுமமே எவ்வளவு குறைவாக எடுப்பது என்பதில்தான் இருக்கிறது. கார் கழுவும் பிரஷர் பம்பை வைத்து பெஞ்சைக் கழுவும் பழக்கம் பல விடுதிகளில் உண்டு. அழுக்கோடு மிருதுவான நாரும் பிய்த்துக்கொண்டு போய்விடும். கெட்டி நார் வரிவரியாகத் துருத்தி நிற்கும். அதைச் சமன் செய்ய இழைக்க இழைக்கப் பலகை மெலிகிறது. நல்ல தேக்கு இப்படி வீணாவதைப் பார்க்க வயிறு எரிகிறது.

மேஸ்திரி முதலில் பெஞ்சைக் கவிழ்த்துப் போடுகிறார். நோய் மேலே இல்லை, காலில் இருக்கிறது என்பது அவர் கணக்கு. ஈரப் புல்லில் நிற்கும் கால், வெட்டுமுனை வழியாகத் தண்ணீரை உறிஞ்சுகிறது. ஒவ்வொரு கால் நுனியிலும் ஸ்க்ரூடிரைவரால் குத்திப் பார்த்தார். மூன்றில் முனை இறங்கவில்லை. நான்காவதில் சொதசொதவென்று உள்ளே போனது. அந்தக் காலில் மட்டும் ஓர் ஓரமாக வெளிறிய பட்டை ஓடியது. “இது வெள்ளை சார். வைரத்துல எண்ணெய் இருக்கும், பூச்சியும் தண்ணியும் அண்டாது. வெள்ளையில அது இல்ல.” அழுகிய பகுதியைச் சாய்வாக அறுத்தெடுத்து, இடித்த வீட்டிலிருந்து வாங்கிய நிலைக்கால் துண்டைப் பொருத்தினார். ரேகை இரண்டும் ஒரே ஓட்டத்தில் சேரும்வரை அந்தத் துண்டைத் திருப்பித் திருப்பி வைத்துப் பார்த்தார். இரும்பு ஸ்க்ரூக்களையும் கழற்றிவிட்டார். உப்புக் காற்றில் அவை துருவேறிப் பருத்து மரத்தை வெடிக்கவைக்கும். சுற்றிலும் கறுப்புக் கறையும் படரும். பதிலுக்குப் பித்தளை.

தேக்கின் இந்த உறுதியை நம்பித்தான் பிரிட்டனின் பிளைத் துறைமுகத்தில் ஹியூஸ் போல்கோ என்ற கப்பல் உடைக்கும் நிறுவனம், பழைய போர்க்கப்பல்களின் தளப் பலகைகளில் தோட்ட பெஞ்சுகள் செய்து விற்றது. எந்தக் கப்பலின் மரம் என்று பெயர்ப்பட்டையும் அடித்துக் கொடுத்தார்கள். கடலில் உழைத்து முடித்த மரத்துக்கு அதன் பிறகும் ஆயுள் மிச்சமிருந்தது.

பாசியைச் சோப்புத் தண்ணீரும் நைலான் பிரஷும் போட்டுத் தேய்த்த பிறகு ஆக்சாலிக் ஆசிட். வெந்நீரில் கரைத்துத் துணியால் பூசுகிறார்கள். கொஞ்ச நேரத்தில் சாம்பல் விலகிப் பொன்னிறம் மேலே வருகிறது. இரும்புக் கறையும் மங்குகிறது. இது விஷம். கையுறை இல்லாமல் யாரும் தொடக் கூடாது என்பதில் மேஸ்திரி கறாராக இருக்கிறார்.

தூசி விஷயத்தில் அந்தக் கறார் இல்லை. காய்ந்த பெஞ்சுக்கு உப்புத்தாள் போடுவது நடுத்தர வயதுப் பெண் ஒருவர். ரேகை ஓடும் திக்கிலேயே தேய்க்கிறார். முதலில் 120-ஆம் நம்பர் தாள், பிறகு 180. முகத்தில் சேலைத் தலைப்பு மட்டும். மரத்தூசி மனிதருக்குப் புற்றுநோய் தரக்கூடியது என்று சர்வதேசப் புற்றுநோய் ஆய்வு முகமை 1995-இலேயே வகைப்படுத்திவிட்டது. “மாஸ்க் போட்டா மூச்சு முட்டுதுங்க. ஃபேன் இருந்தா போட்டுக்கலாம்” என்றார் அவர். பெஞ்சைக் கொடுக்கிற விடுதிகள் பேரம் பேசுவது இவருடைய கூலியில்தான். தூசி உறிஞ்சும் இயந்திரத்தின் செலவையும் சேர்த்து விலை கேட்க, இந்தப் பட்டறைக்குத் துணிச்சல் வர வேண்டும். கொடுக்க அவர்களுக்கு மனம் வர வேண்டும்.

கடைசியில் எண்ணெய். துணியில் தொட்டு மெலிதாகத் தேய்த்து, மிச்சத்தைத் துடைத்துவிடுகிறார்கள். ஆளிவிதை எண்ணெய் ஊறிய துணியைச் சுருட்டிப் போட்டால் தானாகவே சூடேறித் தீப்பிடிக்கும் என்பதால், அவற்றைத் தண்ணீர் வாளியில் முக்கி வைக்கிறார்கள். அந்த நேரம் பார்த்து விடுதி மேலாளரின் போன். பளபளவென்று வார்னிஷ் அடித்துத் தரச் சொன்னார். மேஸ்திரி குரலை உயர்த்தவில்லை. “வார்னிஷ் அடிச்சா வெயில்ல வெடிச்சு உரியும் சார். அடுத்த தடவ முழுசா சுரண்டணும், மரந்தான் குறையும். எண்ணெயே இருக்கட்டும். மழைக்கு பிளாஸ்டிக் தாள் போட்டு மூடாதீங்க, உள்ள வேர்த்து பூசணம் பிடிக்கும். புல்லு மேல மட்டும் வைக்காம, காலுக்கு அடியில ஒரு கல்லு போட்டு வையுங்க.”