கைமடிக்குப் பக்கத்தில் ஒரு கேமரா

1895இல் பிரான்சின் லியோன் நகரில் லூமியர் சகோதரர்கள் தங்கள் சொந்தத் தொழிற்சாலையின் வாசலில் கேமராவை வைத்தார்கள். வேலை முடிந்து பெண்களும் ஆண்களும் வெளியே வருகிறார்கள், நாய் ஒன்று ஓடுகிறது, சைக்கிள் போகிறது. ஒரு நிமிடம்கூட ஓடாத படம். ஆனாலும் அந்தக் காலத்து உடுப்பும் நடையும் இன்றும் கண்முன் நிற்கின்றன. உள்ளே அவர்கள் என்ன வேலை செய்தார்கள் என்பது மட்டும் அதில் இல்லை. கேமரா முதலாளியுடையது, அது வாசலோடு நின்றுவிட்டது.

திருப்பூர் பனியன் கம்பெனிகளின் அன்றாடத்தைக் குறும்படமாக எடுக்கும் எனக்கு இது பெரிய எச்சரிக்கை. இங்கே நான் பார்த்த பழைய ஆல்பங்களில் திறப்பு விழா இருக்கிறது, ஆயுத பூஜை இருக்கிறது. விசேஷம் எதுவும் இல்லாத ஒரு செவ்வாய்க்கிழமை இல்லை.

அதனால் கைமடிக்குப் பக்கத்தில் உட்காருகிறேன். டெய்லருக்குப் பீஸ் எடுத்துக் கொடுத்து, தைத்ததை வாங்கி அடுக்குவது கைமடியின் வேலை. பெயர் போட்டுப் பாராட்ட யாரும் நினைக்காத வேலை.

காலை 8.30க்கு வந்தவர் இரவு 8.30க்குக் கிளம்புவதை இங்கே ஒன்றரை ஷிப்ட் என்பார்கள். பத்து நிமிடப் படத்தில் அந்த நீளத்தை எப்படிக் காட்டுவது? கடிகாரத்தைக் காட்டினால் மணி தெரியும், களைப்பு தெரியாது. ஆகவே காலையில் ஒரு ஷாட், இரவில் ஒரு ஷாட்; அதே இடம், அதே உயரம், அதே நீளம், நடுவில் வெட்டு இல்லை. காலையில் கைமடியாக நிற்கும் பெண்ணின் கை பீஸை வாங்கும்போதே கண் அடுத்த பீஸுக்குப் போய்விடுகிறது. இரவில் கை அதே வேகத்தில்தான் ஓடுகிறது, ஆனால் இடுப்பு மேசை விளிம்பில் சாய்ந்திருக்கிறது, எடை ஒரு காலிலிருந்து இன்னொரு காலுக்கு மாறிக்கொண்டே இருக்கிறது. பின்னணிக் குரல் எதுவும் இதற்குத் தேவையில்லை.

நூல் அறுந்து மிஷின் நின்றாலும் நான் கேமராவை நிறுத்துவதில்லை. ஓவர்லாக் தையல் மிஷினின் சத்தம் அடங்கினால்தான் பேச்சு கேட்கும். மதுரைப் பக்கத்துத் தமிழும் பீகார் இந்தியும் ஒடியாவும் ஒரே மேசையில் கலக்கும் அந்த அரை நிமிடத்தில், இந்த ஊருக்கு யார் யார் பிழைக்க வந்தார்கள் என்ற வரலாறே பதிவாகிவிடுகிறது.

படத்தில் சேராத காட்சிகளையும் அழிக்காமல் வைக்கிறேன். தேதி, இடம், மிஷினின் பெயர், வேலையின் பெயர் என்று ஒவ்வொன்றிலும் எழுதுகிறேன். ஐம்பது வருடம் கழித்துப் பார்ப்பவருக்கு எது தேவைப்படும் என்று முடிவு செய்யும் உரிமை எனக்கு இல்லை. அவர் தேடி வரும்போது அது இருக்க வேண்டும், அவ்வளவுதான் என் கடமை.