ஈக்கள் தின்ற ஓவியங்கள்

டஹிட்டி தீவின் தலைநகர் பப்பேட்டேவிலிருந்து கிழக்கே சுமார் 10 கிலோமீட்டர் போனால் வீனஸ் முனை வருகிறது. எரிமலைப் பாறை பொடிந்து உண்டான கறுப்பு மணல், தென்னை நிழல், ஒரு வெள்ளைக் கலங்கரை விளக்கம். விடுமுறை நாட்களில் உள்ளூர்க் குடும்பங்கள் சாப்பாட்டுக் கூடையோடு வந்து உட்காரும் இடம்.

1769 ஏப்ரல் 13 அன்று, கேப்டன் குக்கின் 'எண்டெவர்' கப்பல் இந்தக் கரையோரம் நங்கூரமிட்டது. ஜூன் 3 அன்று வெள்ளிக் கோள் சூரியனைக் கடப்பதைக் கணக்கெடுக்க வந்தார்கள். முனைக்கு வீனஸ் என்று பெயர் வந்தது அப்படித்தான்.

அந்தக் கப்பலில் சிட்னி பார்க்கின்சன் என்ற எடின்பரோ இளைஞர் இருந்தார். செடி கொடிகளையும் உயிரினங்களையும் வரைவது அவர் வேலை. மனிதர்களையும் ஊர்க் காட்சிகளையும் வரைய அலெக்சாண்டர் பக்கன் என்று வேறொரு ஓவியர் வந்திருந்தார். ஆனால் டஹிட்டிக்கு வந்த நாலே நாளில் பக்கன் வலிப்பு கண்டு இறந்துபோனார். அவருடைய வேலையில் பெரும்பகுதியும் பார்க்கின்சன் தலையில் விழுந்தது.

வரைய உட்கார்ந்தால் ஈக்கள் விடவில்லை. தாளை மொய்த்து, பூசப் பூச வண்ணத்தைத் தின்றன. கடைசியில் ஓவியரையும் மேசையையும் சேர்த்துக் கொசுவலைக்குள் வைக்க வேண்டியதாயிற்று!

அந்தத் தொல்லைக்கு நடுவிலும் வீடு, படகு, மனித முகம் என்று வரைந்து தள்ளினார். கூடவே எழுதவும் செய்தார். எந்தச் செடி உணவு, எது மருந்து, எந்த மரப்பட்டையைத் தட்டித் துணியாக்குகிறார்கள் என்று குறித்தார். சீமைப்பலாவும் அந்தப் பட்டியலில் உண்டு. டஹிட்டி மொழிச் சொற்களைத் தொகுத்தார். தீவினர் எலும்புச் சீப்பைக் குச்சியால் தட்டிப் பச்சை குத்துவதைப் பார்த்து, தன் கையிலும் குத்திக்கொண்டார். இன்று நாம் சொல்லும் 'டாட்டூ', அந்தத் தீவினரின் 'டாடாவ்' தான்.

ஜூலையில் கப்பல் கிளம்பியபோது துபாயா என்பவரும் ஏறிக்கொண்டார். ரையாத்தேயா தீவைச் சேர்ந்த பூசாரி, கடல்வழி கைவந்தவர். அவரும் தூரிகை பிடித்தார். இசைக்கலைஞர்கள், நடனப் பெண், நீண்ட வீடு, படகுகள் என்று தன் மக்களின் வாழ்க்கையைத் தானே வரைந்தார். ஆனால் அவற்றை வரைந்தவர் யாரென்று 200 ஆண்டுகளுக்கு மேல் உலகம் அறியவில்லை. கப்பலில் போன வெள்ளையர் யாரோ வரைந்தது என்றே நினைத்தார்கள். 1997-ல் வெளிச்சத்துக்கு வந்த ஒரு பழைய கடிதம்தான் துபாயாவின் பெயரைச் சொன்னது.

இருவருமே ஊர் திரும்பவில்லை. 1770 டிசம்பரில் துபாயா பட்டாவியாவில், இன்றைய ஜகார்த்தாவில், நோயுற்று இறந்தார். அடுத்த மாதம், 1771 ஜனவரி 26 அன்று, வயிற்றுக்கடுப்பால் நடுக்கடலில் பார்க்கின்சன் உயிர் பிரிந்தது. வயது இருபத்தைந்து இருக்கலாம். அவருடைய குறிப்புகளை 1773-ல் அண்ணன் புத்தகமாக்கினார்.

விருந்தாளி வரைந்ததும் வீட்டுக்காரர் வரைந்ததும் இன்று லண்டனில் பத்திரமாக இருக்கின்றன. வீனஸ் முனையில் நிற்பவர்களுக்கு முதலில் நினைவுக்கு வருவது கேப்டன் குக்தான். கூடவே இந்த இருவரையும் ஒரு நிமிடம் நினைத்துக்கொள்ளலாம்.