கொட்டாங்குச்சிக் குதிரைகள்

காமராஜர் சாலையில் கடலைப் பார்த்தபடி நிற்கிறது சென்னை வானொலி நிலையம். 1938 ஜூன் 16 அன்று எழும்பூரில் தொடங்கி, 1954இல் இங்கே இடம் மாறியது. நாடகத்தில் குரல் கொடுக்க நான் போய்வந்த நாட்களில் வாசல்வரை அலைச் சத்தம் கூடவே வரும். ஸ்டுடியோவின் இரண்டு கனத்த கதவுகளைத் தாண்டியதும் அடியோடு நின்றுபோகும். துளையிட்ட சுவர்ப் பலகைகளும் தரைக் கம்பளமும் எல்லாச் சத்தத்தையும் விழுங்கிவிடும். நம் மூச்சு நமக்கே கேட்கும்.

அங்கே ஓரமாக ஒரு மேசை. வீடு மாற்றக் கட்டிவைத்தது போல அதைச் சுற்றிச் சாமான்கள்: முறம், பித்தளைச் செம்பு, சைக்கிள் மணி, ஆளுயரத் தகரம், தாழ்ப்பாள் போட்ட குட்டிக் கதவு, சரளைக்கல் தட்டு, கொட்டாங்குச்சிகள். தகரத்தை உலுக்கினால் இடி. செலஃபன் தாளைக் கசக்கினால் தீ. ராஜா கதை என்றால் கொட்டாங்குச்சிதான். குதிரை மண் பாதையில் வரும்வரை மணல் தட்டில் தட்டுவார், நாடகத்துக்கு ஒலிகள் எழுப்பும் அண்ணன். கோட்டைக்குள் நுழையும் வசனம் வந்ததும் கை கல்லுக்குத் தாவும்.

கடல் ஓசையை முறத்தில் பயறு உருட்டி எழுப்புவார். எதிரே இருக்கிற கடலையே பதிவு செய்து போட்டால் என்ன என்று கேட்டேன். ஒரு டேப்பை ஓடவிட்டார். கடல் என்று சொல்லியிருக்காவிட்டால் ரேடியோ இரைச்சல் என்றே நினைத்திருப்பேன். மத்திய அலையில் உச்ச ஒலிகள் வீடு போய்ச் சேராது. அலையின் நுரையும் மழையின் பொடித்துளிகளும் அதில் மங்கிக் கலந்துவிடும். பயறோ ஒவ்வொன்றும் தனித்து உருண்டு, சேர்ந்து திரண்டு, பின்வாங்கும். முறத்தைச் சாய்க்கும் வேகத்தில் அவர் அலைக்கு மூச்சு கொடுத்தார். அதைக் கேட்டதும் படகுக்காரனாகப் பேசிய நடிகரின் குரல், யாரும் சொல்லாமலே, உயர்ந்தது.

பிறகு ஒலித்தட்டுகளும் கணினியும் வந்தன. வேலை சுலபமாயிற்று, அதில் எனக்குக் குறையில்லை. ஆனால் பதிவான கதவு எந்த வீட்டிலும் ஒரே மாதிரிதான் சாத்திக்கொள்கிறது. அவர் ஒத்திகையின்போது எங்களோடு உட்கார்ந்து பிரதியை முழுக்கப் படிப்பார், ஓரத்தில் பென்சிலால் குறித்துக்கொள்வார். கோபித்துக்கொண்டு வெளியேறும் மருமகள் சாத்தும் கதவும், தொட்டிலில் குழந்தை தூங்கும்போது அவளே சாத்தும் கதவும் அவர் கையில் வேறு வேறு. அவரும் அந்த நாடகத்தில் நடித்தவர் என்றே நான் சொல்வேன்.