பங்கு ஆபீஸ் தராத தாள்

திருவான்மியூர் பஸ் டிப்போவுக்குப் பின்தெருவில், மாடியில் என் வக்கீல் அலுவலகம். ஒரு மத்தியான வேளையில் சிமெண்ட் தூசி படிந்த சட்டையோடு கொத்தனார் ஒருவர் படியேறி வந்தார். நாற்காலியைக் காட்டியும் உட்காரவில்லை.

"சாதியைச் சொல்லித் திட்டுனா கேஸ் உண்டுதானே சார்?"

உண்டு என்றேன்.

"திட்டுனவனும் வேதக்காரன், நானும் வேதக்காரன். அப்பவும் உண்டா?"

வேதக்காரன் என்றால் கிறிஸ்தவன். முதல் கேள்விக்கு வாயில் இருந்த பதில் இரண்டாவதற்கு வரவில்லை. பதினைந்து ஆண்டுகளுக்கு மேல் ஆகியும் அந்த வழக்குக் கட்டை நான் பரணில் போடாததற்கு அதுவே காரணம்.

அவருக்குத் தெற்கே ஒரு கிராமம். பிழைப்பு தேடிச் சென்னைக்கு வந்தவர், தாயாரையும் உடன் அழைத்து வந்திருந்தார். சனிக்கிழமை தோறும் பெசன்ட் நகர் வேளாங்கண்ணி மாதா கோவிலுக்கு நடந்தே போவாராம் அந்த அம்மாள். ஆகஸ்ட் 29 கொடியேற்றத்தன்று கடற்கரை மணலில் லட்சம் பேரோடு நிற்பார். அங்கே யாரும் யாரையும் என்ன ஆள் என்று கேட்பதில்லை. சாகும்போது மட்டும், சொந்த ஊர் மண்ணில் புதைக்கச் சொல்லிவிட்டுப் போனார்.

ஊர்க் கல்லறைத் தோட்டத்துக்கு இரண்டு வாசல். நடுவே இடுப்பளவுச் சுவர். மழைக்காலம்; இவர்கள் தெருவுக்கான வாசலில் முழங்கால் அளவு தண்ணீர். சவப்பெட்டியைப் பெரிய வாசல் வழியாகத் தூக்கிப் போனார்கள். வழிமறித்தார்கள். சாதிப் பெயரைச் சொல்லி, பெட்டியில் கிடந்தவரையும் சேர்த்து ஏசினார்கள். நாற்பது பேர் காதால் கேட்டார்கள். கடைசியில் தண்ணீருக்குள் இறங்கித்தான் அடக்கம் நடந்தது.

போலீஸ் வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் கீழ் எஃப்.ஐ.ஆர். போட்டது. எதிரிகள் மதுரை உயர் நீதிமன்றக் கிளையில் ரத்து மனு போட்டார்கள். அதில் சொன்ன காரணம் ஒன்றுதான்: புகார்தாரர் கிறிஸ்தவர், கிறிஸ்தவத்தில் சாதி கிடையாது. ஆதாரமாக, என் கட்சிக்காரரின் ஞானஸ்நானச் சான்றை இணைத்திருந்தார்கள். பங்கு ஆபீஸ் முத்திரையோடு, கேட்ட மறுநாளே எழுதிக் கொடுக்கப்பட்ட தாள் அது.

சட்டம் அவர்கள் பக்கம்தான் இருந்தது. 1950ஆம் ஆண்டு குடியரசுத் தலைவர் ஆணையின் மூன்றாம் பத்தி, இந்து அல்லாதவர் பட்டியல் சாதியினர் ஆக முடியாது என்றது. 1956இல் சீக்கியர்களுக்கும் 1990இல் பௌத்தர்களுக்கும் அந்தக் கதவு திறந்தது. கிறிஸ்தவர்களுக்கும் இஸ்லாமியர்களுக்கும் திறக்கவில்லை. தமிழ்நாட்டில் கிறிஸ்தவரான தலித்துகள் பிற்படுத்தப்பட்டோர் பட்டியலில் இருக்கிறார்கள். வன்கொடுமைச் சட்டமோ பட்டியல் சாதியினருக்கும் பழங்குடியினருக்கும் மட்டுமே.

அந்தக் கதவைத் தட்டிப் பார்த்தவர்களில் ஒருவர் நம் சென்னைக்காரர். மவுண்ட் ரோட்டில் ஜெனரல் பேட்டர்ஸ் சாலை சேரும் முனையில் செருப்புத் தைத்த சூசை. ஆதி திராவிடராகப் பிறந்து கிறிஸ்தவரானவர். சாலையோரச் செருப்புத் தொழிலாளர்களுக்கு அரசு இலவசமாகப் பெட்டிக்கடை கொடுத்தபோது, பட்டியல் சாதியினருக்கு மட்டும் என்று இவரை விட்டுவிட்டார்கள். உச்ச நீதிமன்றம் போனார். 1985 செப்டம்பர் 30 அன்று தோற்றார். மதம் மாறிய பிறகும் சாதி தொடர்கிறது என்று காட்டினால் போதாது, அதன் கொடுமை புதிய மதத்திலும் அதே கடுமையோடு தொடர்கிறது என்று நிரூபிக்க வேண்டும் என்றது தீர்ப்பு. கிறிஸ்தவ சமுதாயத்தின் இன்றைய நிலை பற்றி ஆதாரபூர்வமான விரிவான ஆய்வு எதுவும் தாக்கலாகவில்லை என்றும் சொன்னது.

நிரூபணம்தானே வேண்டும், சுவரே இருக்கிறதே என்று ஊருக்குப் புறப்பட்டேன். பங்குச்சாமி நல்ல மனிதர், என் வயதுதான் இருக்கும். காப்பி கொடுத்தார், கல்லறைக்கு அவரே கூட்டிப் போனார். இரண்டு வாசலையும், தேர் திரும்பும் முக்கையும் காட்டினார். இவர்கள் தெருவுக்குள் தேர் நுழைந்ததே இல்லை என்றார். "இதையே ஒரு தாள்ல எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுங்க ஃபாதர்" என்றேன். சற்று நேரம் சுவரையே பார்த்துக்கொண்டு நின்றார்.

"சுவர் எனக்கு முன்னாடியே இருக்கு சார். எழுதிக் கொடுத்தா நாளைக்கு நான் இங்க பூசை வைக்க முடியாது. மேலிடத்துல கேட்டுச் சொல்றேன்."

மேலிடத்திலிருந்து பதில் வரவேயில்லை. அன்றிரவு பஸ்ஸில் எனக்கு வடக்கன்குளம் நினைவுக்கு வந்தது. மறைசாட்சி தேவசகாயம் 1745இல் ஞானஸ்நானம் பெற்ற, நெல்லைச் சீமை ஊர். அங்கே கோவிலுக்குள்ளேயே சாதிக்கொரு பக்கமாகப் பிரித்துச் சுவர் வைத்திருந்தார்கள். திருச்சபை அதை இடித்தபோது, திரும்பக் கட்டித்தர வேண்டும், பீடப் பணி எங்களுக்கே உரியது என்று பிள்ளைமாரும் முதலிமாரும் திருச்சி ஆயர் மீதே வழக்குப் போட்டார்கள். மைக்கேல் பிள்ளை எதிர் பார்த் என்ற அந்த வழக்கில் 1917இல் சென்னை உயர் நீதிமன்றம் அவர்களைத் திருப்பி அனுப்பியது. நீங்கள் கேட்பது தீட்டுக்குப் பாதுகாப்பு, கிறிஸ்தவர்களிடையே தீட்டு என்பதை ஒரு பாதிப்பாக நீதிமன்றம் ஏற்காது என்பது தீர்ப்பின் சாரம்.

கிறிஸ்தவத்தில் சாதி இல்லை. 1917இல் இந்த வாக்கியம் சுவரை எழுப்ப விடாமல் தடுத்தது. 1985இல் இதே வாக்கியம் சூசைக்குப் பெட்டிக்கடை கிடைக்காமல் செய்தது. என் வழக்கில், சுவருக்குக் காவல் நின்றவர்களே இதைக் கேடயமாகப் பிடித்தார்கள். வேறுபாடு ஒன்றுண்டு. வடக்கன்குளத்தில் இடித்த சுவருக்காக எதிர்வாதியாக நிற்க ஓர் ஆயர் இருந்தார். எனக்கு ஒரு கையெழுத்துக்கு ஆள் இல்லை.

இறையியல் பேசாமல் இருந்தது என்று சொல்ல மாட்டேன். கீழ்ப்பாக்கம் குருகுல் இறையியல் கல்லூரியில் அரவிந்த் நிர்மல் 1980களிலேயே தலித் இறையியலைப் பாடமாக்கினார். மதுரை அரசரடியில் தியோபிலஸ் அப்பாவு பறையைத் திருச்சபை வழிபாட்டுக்குள் கொண்டுவந்தார். 1990களில் தென்னிந்தியத் திருச்சபையின் சென்னைப் பேராயராக இருந்த அசரியா, மேடை மேடையாகச் சபைக்குள் இருக்கும் சாதியைப் பற்றியே பேசினார். இவர்களுடைய புத்தகங்களை மதுரைக்குத் தூக்கிப் போனேன். நீதிபதி பொறுமையாகக் கேட்டுவிட்டு, "இந்தப் பங்கைப் பற்றி என்ன வைத்திருக்கிறீர்கள்?" என்றார். நாற்பது பேரின் வாக்குமூலம் இருந்தது. பங்கு ஆபீஸ் தாள் எதிரிகளிடம்தான் இருந்தது.

பங்குச்சாமி எழுதித் தராத தாள் எங்களிடம் இருந்திருந்தாலும் தோற்றிருப்போம். ஆணையின் வரியைத் திருத்த நாடாளுமன்றத்தால்தான் முடியும். வன்கொடுமைப் பிரிவுகள் ரத்தாயின. ஆபாசமாகத் திட்டியது, வழிமறித்தது என்ற சில்லறைப் பிரிவுகள் மட்டும் கீழ்க்கோர்ட்டில் நடந்து, அபராதத்தோடு முடிந்தன.

காகிதங்களைத் திருப்பிக் கொடுத்த அன்று கொத்தனார் தீர்ப்பைப் புரட்டவில்லை. எதிரிகள் தாக்கல் செய்த ஞானஸ்நானச் சான்றின் நகலைத் தேடி எடுத்தார். "இதை நான் வச்சுக்கவா சார்? அம்மா பேரு இருக்கு."

பிறகு சில மாற்றங்கள் வந்தன. 2016 டிசம்பரில் இந்தியக் கத்தோலிக்க ஆயர் பேரவை வெளியிட்ட கொள்கை ஆவணம், திருச்சபைக்குள் சாதிப் பாகுபாடு உண்டு என்று ஒப்புக்கொண்டது. எங்கள் தொழிலில் எதிர்த்தரப்பின் ஒப்புதலைவிட வலுவான சாட்சி அரிது. 2022இல் தேவசகாயம் புனிதராக அறிவிக்கப்பட்டபோது, பெயரோடு ஒட்டியிருந்த 'பிள்ளை' கழன்றிருந்தது. அதே ஆண்டு அக்டோபரில், மதம் மாறிய தலித் மக்களின் நிலையை ஆராய முன்னாள் தலைமை நீதிபதி கே.ஜி. பாலகிருஷ்ணன் தலைமையில் ஆணையம் அமைந்தது. 2023 ஏப்ரலில் தமிழகச் சட்டமன்றமும் கிறிஸ்தவரான தலித்துகளுக்காகத் தீர்மானம் போட்டது.

சூசை வழக்கில் இல்லாமற்போன ஆதாரம் எங்கோ தொலைவில் இல்லை. பங்கு ஆபீஸ் பீரோவில், அடக்கப் பதிவேட்டில், தேர் போகும் பாதையில் இருக்கிறது. ஆயர்களுக்கும் போதகர்களுக்கும் ஒரு வக்கீலாக என் விண்ணப்பம் இதுதான்: பிரசங்கத்தில் சொல்வதைப் பதிவேட்டைப் பார்த்து ஒரு தாளில் எழுதுங்கள். தேதி போட்டு, முத்திரை வைத்துக் கொடுங்கள்.