கண்ணளவு

மாயக்கதை எழுதுகிறவர்களுக்கு வரைபடம் ஒரு பைத்தியம். மலை எங்கே, ஆறு எங்கே, அரக்கர் கோட்டை எங்கே என்று தாளில் கீறி முடித்த பிறகுதான் கதைக்குள் இறங்குவார்கள். நான் கீறுவது வேறு. என் கதையுலகத்தில் காலத்தை நூலாக எடுத்துப் பின்னத் தெரிந்த பெண்கள் இருக்கிறார்கள். அவர்களால் என்ன முடியும் என்பதை நான் குறித்து வைப்பதில்லை, என்ன முடியாது என்பதைத்தான் குறிப்பேன். அதுவும் ஒரே பக்கம். அதற்கு மேல் நீண்டால் அந்த மாயத்தில் எங்கோ பிழை என்று தாளைக் கிழித்துவிடுவேன்.

இந்தப் பழக்கம் எனக்கு வந்தது இலங்கையின் பழைய வரலாற்று நூலான மகாவம்சத்திலிருந்து. அதில் வரும் இளவரசன் விஜயன் ஆட்களோடு கரையிறங்கிய தம்பபண்ணி எங்கள் புத்தளப் பக்கத்துக் குதிரைமலைதான் என்று ஒரு மரபு உண்டு. இறங்கிக் களைத்துத் தரையில் கையூன்றியவர்களின் உள்ளங்கை சிவந்ததால் அந்தப் பெயர் வந்ததாம். வில்பத்துக் கரையில் நிற்கும் அந்தச் செம்மண் மேட்டைப் பார்த்தவர்கள் இதை நம்பத்தான் செய்வார்கள். ஏழாம் அத்தியாயத்தில் குவேனி என்ற இயக்கி ஒரு மரத்தடியில் நூல் நூற்றுக்கொண்டிருக்கிறாள். தேடி வந்த விஜயனின் ஆட்களை ஒவ்வொருவராகப் பிடித்து அடைத்துவிடுகிறாள். ஆனால் தின்ன முடியவில்லை. கரையில் வைத்தே தெய்வம் அவர்கள் கையில் கட்டிவிட்ட மந்திர நூல் தடுக்கிறது. கவனியுங்கள், அந்த நூல் அவர்களைப் பிடிபடாமல் காக்கவில்லை, சாகாமல் மட்டும் காத்தது. முழுக் காப்பாக இருந்திருந்தால் எழுநூறு பேரும் தண்ணீர் குடித்துவிட்டுத் திரும்பியிருப்பார்கள், விஜயனும் குவேனியும் சந்தித்தே இருக்க மாட்டார்கள். மாயத்தின் வல்லமையைவிட வரம்புதான் முக்கியம் என்று அமெரிக்க எழுத்தாளர் பிராண்டன் சாண்டர்சன் ஒரு விதியே எழுதி வைத்திருக்கிறார். மகாவம்சத்தை எழுதிய மகாநாம தேரர் அந்த விதியை எழுதாமலே கையாண்டிருக்கிறார்.

நூல் கிடைத்துவிட்டது. எதில் பின்னுவது? மேலைநாட்டுக் கதைகளில் காலம் என்றாலே தறியும் துணியும் வந்துவிடும். நான் வளர்ந்த கரையில் பார்த்தது தறியை அல்ல, வலையை. வலை பின்னுகிறவர் கையில் ஓர் ஊசி, இன்னொரு கையில் சின்னப் பலகைத் துண்டு. நூலைப் பலகையில் சுற்றி எடுத்து முடிச்சை இறுக்குவார். பிறகு அடுத்த சுற்று. வலைக் கண் எவ்வளவு பெரிது என்பதை அவர் பார்வையும் கையும் முடிவு செய்வதில்லை, பலகையின் அகலம் முடிவு செய்கிறது. கரைவலையில் எல்லா இடத்திலும் கண் ஒரே அளவில் இருக்காது. இருபக்கக் கைகளிலும் பெரிதாக இருக்கும், மீன் சேரும் மடியை நெருங்க நெருங்கச் சிறுக்கும். முழுதும் சிறிய கண்ணாக இருந்தால் மீனோடு கடலையும் சேர்த்து இழுக்க வேண்டியதுதான்.

இதை அப்படியே எடுத்துக்கொண்டேன். என் உலகத்தில் தூரத்துக் காலத்துக்குப் பெரிய கண். அதில் அரசர்களும் போர்களும் தங்குவார்கள், ஒரு தாய் பிள்ளையைக் கூப்பிட்ட குரல் நழுவிவிடும். இன்றைய நாளுக்குச் சிறிய கண், சில்லறை எல்லாம் அகப்படும். செத்துப்போன தாயின் குரல் வேண்டுமென்று ஒருத்தி பழைய காலத்தைச் சிறிய கண்ணில் பின்னினால், பாரம் தாங்காமல் இழுப்பவளே கடலுக்குள் போய்விடுவாள். என் ஒரு பக்க விதியில் பாதி இதுதான்.

மீதியில் பெரும்பங்கை உடப்பு தந்தது. சிலாபத்துக்கு வடக்கே உள்ள இந்தத் தமிழ் மீனவ ஊரில், திரௌபதை அம்மன் கோயில் திருவிழா பாரதப் போரைப் போலவே 18 நாள். வனவாசம், அருச்சுனன் தவம் எல்லாம் வந்து தீமிதிப்பில் முடியும். காப்புக் கட்டியவருக்கு விரதம் உண்டு, விலக்குகள் உண்டு. அந்த நாட்களில் அவர் தோணிக்காரராகவும் இருக்கிறார், குருச்சேத்திரத்திலும் நிற்கிறார். காப்பை அவிழ்த்தால் தோணிக்காரர் மட்டும்தான். ஆகவே என் கதையில் காலத்தைத் திறக்கிறவள் கையில் நூல் கட்ட வேண்டும், கட்டும்போதே அவிழ்க்கும் நாளையும் சொல்லிவிட வேண்டும். நாள் சொல்லாமல் கட்டினவளுக்குத் திரும்பி வரும் வழி கிடையாது.

விதிகள் எல்லாம் பழங்கதையிலிருந்து வந்தவையல்ல. 1996 மே மாதம் மின்சாரத் தட்டுப்பாட்டில் இலங்கை அரசாங்கம் நாட்டின் கடிகாரத்தை ஒரு மணித்தியாலம் முன்னே தள்ளியது. ஒக்டோபரில் அதில் அரை மணித்தியாலத்தைத் திருப்பிக் கொடுத்தது. மற்ற அரை மணித்தியாலம் 2006 ஏப்ரலில்தான் திரும்பியது. அத்தனை காலமும் விடுதலைப் புலிகளின் கட்டுப்பாட்டுப் பகுதியில் பழைய நேரமே ஓடியது. ஒரே தீவு, சோதனைச்சாவடிக்கு இந்தப்பக்கம் ஒரு மணி, அந்தப்பக்கம் வேறு மணி. என் நாவலில் தாண்டினால் அரை மணித்தியாலம் காணாமல் போகும் ஒரு வாசலை வைத்தேன். பிரதியைப் படித்த தமிழ்நாட்டு நண்பர், மற்றதெல்லாம் சரி, இது மட்டும் நம்பும்படியாக இல்லை என்றார்.

ஒன்றை மட்டும் அந்த விதிப் பக்கத்தில் நான் சேர்க்கவில்லை. 1990 ஒக்டோபரில் விடுதலைப் புலிகள் வட மாகாண முஸ்லிம்களை வெளியேற்றினார்கள். 70,000க்கும் மேற்பட்டவர்கள் ஊரை விட்டார்கள், பெரும்பகுதியினர் புத்தளத்துக்கு வந்தார்கள். இங்கேயே பிறந்த பிள்ளையிடம் எந்த ஊர் என்று கேட்டால், தான் ஒருநாளும் வாழாத மன்னார்க் கிராமம் ஒன்றின் பெயர் வரும். இரண்டு இடங்கள் ஒன்றின்மேல் ஒன்றாகக் கிடக்கும் இதைவிடப் பெரிய மாயம் எந்தக் கதைக்காரனுக்குக் கிடைக்கும் என்று கேட்டவர்களும் உண்டு. எனக்குச் சம்மதமில்லை. அது மந்திரத்தால் நடந்ததல்ல, ஆயுதம் வைத்திருந்த ஆட்கள் செய்தது. சூனியக்காரியின் சாபமாக்கி எழுதினால் செய்தவர்கள் கதையிலிருந்து நழுவிவிடுவார்கள். அதை எழுதுவதென்றால் ஊரும் திகதியும் பெயருமாக, மாயம் கலக்காமல் எழுத வேண்டும்.