மூலமும் படியும்

மனிதன் ஆக்கிய பொருள்களுள் தானே நிலைபெறுவது ஒன்றுமில்லை. கல்லிற் பொறித்த எழுத்தும் மழையாலும் காற்றாலும் தேய்கின்றது. ஓலையிற் கீறியதைச் செல்லரிக்கின்றது. பழைய சுவடிகள் நம் கைக்கு எட்டியமைக்குக் காரணம் அவ்வோலைகளின் வலிமையன்று. தலைமுறைதோறும் எவரேனும் ஒருவர் அமர்ந்து, நைந்த ஏட்டைப் பார்த்துப் புதிய ஏட்டிற் பெயர்த்தெழுதி வந்தமையேயாம். கற்றோர் பலரும் அறிந்த இவ்வுண்மை, விளையாட்டுப் பொருளென்று பலர் எள்ளி ஒதுக்கும் ஒரு சிறு யந்திரத்தினிடத்தும் நின்று எம்மைச் சோதித்த வரலாற்றை ஈண்டு எம் கல்லூரி அன்பர்க்கு எடுத்துரைக்க விழைகின்றோம்.

அவ்யந்திரம், சோனி நிறுவனத்தார் ஜப்பான் நாட்டில் 1994 டிசம்பர் 3ஆம் நாள் முதன்முதல் விற்பனைக்குக் கொணர்ந்த பிளேஸ்டேஷன் ஆகும். சி.டி. என வழங்கும் ஒளித்தகட்டிற் பதிந்த ஆட்டங்களைத் தொலைக்காட்சித் திரையில் ஆடச்செய்வது இது. உலகெங்கும் பத்துக்கோடிக்கு மேல் விற்று, 2006ஆம் ஆண்டில் இதன் உற்பத்தி நின்றது. யாம் மூவர் ஒரே விடுதியறையில் உறைந்த காலத்தில், 2001ஆம் ஆண்டு, சிற்றுண்டிச் செலவைக் குறைத்துத் திரட்டிய பொருளால், ஒருவர் ஆடிப் பழகிய யந்திரம் ஒன்றை வாங்கினோம். ஐரோப்பியச் சந்தைக்கென ஆக்கப்பெற்ற அதனுள்ளே, மோட் சிப் எனப்படும் சில்லு முன்னரே பதிக்கப்பெற்றிருந்தது. எம்முள் ஒருவருடைய சிற்றப்பா ஜப்பானிலிருந்து விலைகொடுத்து வாங்கிக் கொணர்ந்த கிரான் டூரிஸ்மோ என்னும் கார்ப்பந்தய ஆட்டமே எம் முதற் செல்வமாயிற்று. 1997ஆம் ஆண்டு வெளிவந்த அவ்வாட்டத்தில், சிறுதொகையோடு தொடங்கி, பழைய கார் ஒன்றை வாங்கி, ஓட்டுநர் உரிமத் தேர்வுகளிலும் பந்தயங்களிலும் வென்று படிப்படியாக உயர்தல் வேண்டும். எம்மனோர்க்கு அதனினும் ஏற்ற ஆட்டம் பிறிதில்லை.

நிற்க. ஜப்பானியத் தகடு ஐரோப்பிய யந்திரத்தில் ஆடியது எங்ஙனம் எனின், சில்லின் தொழிலை விளக்குதல் வேண்டும். ஒளித்தகட்டின் அடியில், கண்ணுக்குப் புலனாகாத நுண்ணிய தடமொன்று சுருள்வடிவாய் உள்ளிருந்து வெளிநோக்கி ஓடுகின்றது. தொழிற்சாலையில் வார்த்த பிளேஸ்டேஷன் தகட்டின் தொடக்கப்பகுதியில் அத்தடம் நேரே செல்லாது சிறிதே அசைந்தசைந்து செல்லுமாறு செய்யப்பட்டுளது. அவ்வசைவினுள் நான்கெழுத்து மறைந்துள்ளன: ஜப்பானுக்கு எஸ்.சி.இ.ஐ., அமெரிக்காவுக்கு எஸ்.சி.இ.ஏ., ஐரோப்பாவுக்கு எஸ்.சி.இ.இ. தன் நாட்டிற்குரிய எழுத்தைக் காணாவிடின் யந்திரம் ஆட்டத்தைத் தொடங்காது. வீட்டுக் கணிப்பொறியால் ஆட்டம் முழுவதையும் வெறுந்தகட்டிற் பெயர்த்தெழுதலாம். ஆனால் வெறுந்தகட்டின் தடம் தொழிற்சாலையிலேயே அமைந்துவிட்டமையால் அவ்வசைவை மட்டும் பெயர்க்க வொண்ணாது. தகட்டின் கருநிறமே பூட்டென்று அந்நாளிற் பலர் கருதினர். அது வெறும் நிறமே. சில்லோ, எட்டுக் காலுடைய சிறுபொருள். சில கம்பிகளால் உள்ளே பற்றவைக்கப்பட்டு, வாயிற்காவலன் வினவும் அடையாளச் சொல்லை உரிய வேளையில் தானே சொல்லிவிடுகின்றது. கதவு உடைபடுவதில்லை, காவலன் திறந்துவிடுகின்றான்.

இனித் தகட்டின் வாழ்நாளைக் கருதுவோம். அடிப்பக்கத்திற் கீறல் படாது காத்தாற் போதுமென்பது பொதுமக்கள் எண்ணம். உண்மை இதற்கு மாறானது. தகட்டின் கனம் 1.2 மில்லிமீட்டர், அதன் பெரும்பகுதி தெளிந்த பிளாஸ்டிக். செய்தியைத் தாங்கும் மெல்லிய அலுமினியப் படலமோ பெயர் அச்சிட்ட மேற்பக்கத்தை ஒட்டியே இருக்கின்றது. அதற்குப் போர்வை ஒரு மெல்லிய அரக்குப் பூச்சேயாகும். அடிப்பக்கக் கீறலை மெருகிட்டு ஆற்றலாம். மேற்பக்கத்திற் பட்ட காயம் செய்தியையே பெயர்த்தெடுத்துவிடும். பிழைதிருத்தும் கணக்குமுறை ஒன்று தகட்டினுள் அமைந்திருப்பதால் தடத்தின் வழியே ஏறத்தாழ 2.5 மில்லிமீட்டர் அளவு அழிந்தாலும் யந்திரம் முழுச்செய்தியையும் மீட்டுக்கொள்ளும்; அதற்கு மேற்படின் அதுவும் கைவிடும். ஈரக்காற்று புகுந்து அலுமினியம் கெடுதலும் உண்டு.

இவற்றை ஆராய்ந்தே, 2004இல் விடுதியை விட்டுப் பிரியுமுன், மூலத்தகடு பழுதின்றி இருந்தபொழுதே படியொன்று எடுக்கத் துணிந்தோம். வெறுந்தகடு தொழிற்சாலைத் தகட்டினும் ஒளியைச் சற்றே குறைவாகத் திருப்புதலின், முதிர்ந்த யந்திரத்தின் ஒளிக்கண் அதனைப் படிக்க இடர்ப்படும். ஆதலின் நல்ல தகடாகத் தேர்ந்து விரைவின்றி எழுதினோம். அன்று முதல் ஆடியது படி; உறையுள் உறங்கியது மூலம்.

அப்பொழுது எழுந்தது ஒரு வினா. மூவரும் மூன்று ஊர்க்குப் பிரிகின்றோம். படி மூன்றாக எடுத்து ஆளுக்கொன்று கொண்டுசென்றாலென்? ஒரு தகட்டின் விலை பத்து இருபது ரூபாய். செயலோ அரைமணி நேரத்தது. எம்முள் ஒருவர், பின்னர் எம்மைப் பிரிந்த அந்நண்பர், இதனை மறுத்தார். "மூலம் ஒன்றே, ஆகவே ஆடும் உரிமையும் ஒன்றே. படி அவ்வுரிமையைக் காக்கலாம், பெருக்கலாகாது" என்பது அவர் வாதம். யாம் அன்று அதனை மிகையென்று எண்ணினோமாயினும் அவர் சொல்லுக்கு இசைந்தோம். யந்திரமும் மூலமும் படியும் ஒருங்கே ஒருவரிடம் இருத்தல் வேண்டும். ஆட விழைவோர் அவரில்லம் செல்லல் வேண்டும் என்று உடன்படிக்கை ஆயிற்று. அதன் பயனாக ஆண்டுக்கொருமுறை யாம் மூவரும் தவறாது கூடினோம். மூன்று படிகள் இருந்திருப்பின் அக்கூட்டம் இருந்திராது.

சட்டத்தின் நிலையையும் ஈண்டு உரைத்தல் தகும். கணிப்பொறி நிரலொன்றை முறைப்படி உடையவர், இழப்பு, அழிவு, சிதைவு ஆகியவற்றினின்று தற்காலிகமாகக் காக்கும்பொருட்டு மட்டும் படி எடுத்துக்கொள்ளுதலை நம் நாட்டின் 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டம் 52ஆம் பிரிவிற் குற்றமன்றென்று வைத்துளது. 2012இற் சேர்க்கப்பெற்ற 65ஏ பிரிவோ, பதிப்புரிமையை மீறும் நோக்கத்தோடு காப்புப்பூட்டைத் தாண்டுதலைக் குற்றமாக்குகின்றது. நோக்கம் என்னுஞ் சொல்லே ஈண்டு உயிர்நாடி. பிற நாடுகளில் இச்சில்லு பற்றி அறிஞர் தம்முள் மாறுபட்டனர். இங்கிலாந்து உயர்நீதிமன்றம் 2004ஆம் ஆண்டு இத்தகைய சில்லு விற்றவர்க்கு எதிராகத் தீர்ப்பளித்தது. ஆஸ்திரேலியாவிலோ, ஸ்டீவன்ஸ் என்பார்மேற் சோனி நிறுவனம் தொடுத்த வழக்கில், அந்நாட்டின் தலைமை நீதிமன்றம் 2005 அக்டோபர் 6ஆம் நாள், இப்பூட்டு படியெடுத்தலைத் தடுப்பதன்று, எடுத்த படியை ஆடுதலையே தடுப்பது, ஆதலின் சட்டம் கூறும் காப்புமுறைக்குள் இஃது அடங்காது என்று முடிவு கூறிற்று. மறு ஆண்டே அந்நாட்டுச் சட்டம் திருத்தப்பெற்றது. ஒரே சில்லு, கள்ளப்படி விற்பார்க்கும் துணை; தன் தகட்டைக் காப்பார்க்கும் துணை. கத்தியைக் கண்டு கையைத் தீர்மானித்தல் இயலாதன்றோ?

காக்க வேண்டிய தேவையும் சிறிதன்று. விளையாட்டுகளின் வரலாற்றைப் பேணும் அமெரிக்கச் சங்கமொன்று 2023இல் வெளியிட்ட ஆய்வின்படி, 2010க்கு முன் அந்நாட்டில் வெளிவந்த ஆட்டங்களில் 87 விழுக்காடு இன்று கடையில் எவ்வகையானும் கிடைப்பதில்லை. சோனி நிறுவனமே 2018இற் பழைய யந்திரத்தின் சிற்றுருவொன்றை 20 ஆட்டங்களோடு வெளியிட்டது; அதனுள் அவ்வாட்டங்களை இயக்கியது, ஆர்வலர் பலர் கூடிப் பொதுவில் ஆக்கிவைத்த நிரலே. ஆக்கியோரும், காத்தோர் கையையே நாட நேர்ந்தது.

எம் மூலத்தகட்டுக்கும் காலம் வந்தது. சில ஆண்டுகட்கு முன் அதனை விளக்கொளிக்கு எதிரே பிடித்துப் பார்த்தபொழுது, ஊசிமுனை அளவு ஒளிப்புள்ளிகள் பல தோன்றின. யந்திரம் அதனை ஏற்கவில்லை. படியோ குறைவின்றி ஆடியது. எழுதிய தகட்டின் சாயமும் மங்குவதே ஆதலின், அப்படியினின்று மற்றொரு படி எடுத்துப் பழையதை மாற்றினோம். ஏடு பெயர்த்தெழுதினார் செய்தது இதுவே.

2019இல் அந்நண்பர் நோயால் மறைந்தார். யந்திரத்தோடு மெமரி கார்டு ஒன்று உண்டு. 128 கிலோபைட் அளவினது, 15 கட்டங்களாகப் பகுக்கப்பட்டது. அதில் அவர்க்குரிய பகுதியில் அவர் சேர்த்த கார்களும், வென்ற பந்தயங்களும், உயர்நிலை உரிமத்தில் முடியாது நின்ற ஒரு தேர்வும் அவ்வண்ணமே இருந்தன. ஆட்டத்தகடு இல்லையேல் அவை எவராலும் படிக்கவொண்ணாத குறிகளே. அவருடைய மகன், பள்ளியிற் பயிலும் பிள்ளை, எம்மிடம் வந்து, "மாமா, அப்பா ஆடியதை நான் வீட்டில் ஆட வேண்டும், எனக்கு ஒரு படி எடுத்துத் தாருங்கள்" என்று கேட்டான்.

எளிய வேண்டுகோள், மறுத்தற்கரியது. ஆயினும் அவன் தந்தையாரே வகுத்த வரம்பு எம் முன் நின்றது. படி தந்தால் தந்தையின் சொல் தவறும். தாராவிடின் மகன் நெஞ்சம் நோகும். எஞ்சிய இருவரும் ஓரிரவு ஆராய்ந்து ஒரு முடிபு கண்டோம். படியைத் தரவில்லை, எல்லாவற்றையும் தந்தோம். சிதைந்த மூலம், ஆடும் படி, மெமரி கார்டு, யந்திரம் ஆகிய யாவும் உடைமையோடு அவன் இல்லம் சென்றன. எம்மிடம் ஒன்றும் வைத்துக்கொண்டிலோம். கொடுக்குமுன், யந்திரத்தின் இரு துளைகளிலும் இரு கார்டுகளைச் செருகி, தந்தையின் பகுதியை இரண்டாம் கார்டிற் பெயர்த்து, பழையதிற் கை வையாது புதியதில் ஆடுமாறு அவனுக்குக் கற்பித்தோம். இப்பொழுது ஆண்டுக்கொருமுறை யாம் அவன் இல்லம் செல்கின்றோம். அத்தேர்வில் அவனும் இன்னும் தேறவில்லை.

மாணவ அன்பர்களே! இன்று உங்கள் விரலின் ஓரசைவால் எப்பொருளையும் ஆயிரமாகப் பெருக்கலாம். அத்துணை எளிதாதலினாலேயே, எதனைக் காத்தற்குப் பெருக்குகின்றோம், எதனைக் கவர்தற்குப் பெருக்குகின்றோம் என்று வினவுதல் அருமையாயிற்று. படி எடுத்தவன் பொருளுக்குப் புதிய உடைமைக்காரன் ஆவதில்லை, காவற்காரனே ஆகின்றான். காவலுக்கு உழைப்பு உண்டு: மூலத்தைப் பேணல், படியைச் சோதித்தல், சாயம் மங்குமுன் மீண்டும் பெயர்த்தல், காலம் வரும்பொழுது தக்கார் கையில் முழுமையாய் ஒப்புவித்தல். இவற்றுக்கு இசைந்தோர் அஞ்சாது படி எடுக்க. இசையாதோர் பிறர் பொருளிற் கை வையாதிருக்க.