அவரவர் கையில் ஒரு சுஷி

"பச்சை மீனையா தின்னுட்டு வந்தே?"

ஜப்பான் போய்வந்த பிறகு என்னைப் பார்த்த உறவுக்காரர்கள் எல்லாரும் கேட்ட கேள்வி இது ஒன்றுதான். புல்லட் ரயிலைப் பற்றி யாரும் கேட்கவில்லை. சின்ன நாத்தனார் மட்டும், "வயித்துக்கு ஒண்ணும் பண்ணலையே அண்ணி?" என்று கொஞ்சம் கரிசனத்தோடு விசாரித்தாள்.

தின்றேன், ஒன்றும் பண்ணவில்லை. ஆனால் சுஷி என்றாலே பச்சை மீன் என்று நாம் நினைத்துக்கொண்டிருக்கிறோமே, அது சரியில்லை. வினிகர் கலந்த சோற்றைக் கொண்டு செய்கிற பண்டங்களுக்கெல்லாம் பொதுப்பெயர் அது. வெள்ளரிக்காய் வைத்தாலும் சுஷி, முட்டை வைத்தாலும் சுஷி. அதிலே ஒரு வகைதான் 'தெமாகி'. 'தே' என்றால் கை; 'மாகி' என்றால் சுருள். மூங்கில் பாய், அச்சு எதுவும் வேண்டாம். உள்ளங்கையிலேயே சுருட்டி அப்படியே வாயில் போட வேண்டியதுதான். பார்ப்பதற்கு நம் ஊர்க் கடலைப் பொட்டலம் மாதிரி கூம்பாக இருக்கும்.

2023 டிசம்பரில், என்னவர் ரிடையரான கையோடு ஜப்பான் போனோம். டோக்கியோ, கியோட்டோ எல்லாம் கூட்டத்தோடு கூட்டமாகப் பார்த்தாயிற்று. மற்றவர்கள் ஊர் திரும்ப, நாங்கள் இருவர் மட்டும் தெற்கே க்யூஷு தீவுக்குப் போனோம். ஹகாதா ஸ்டேஷனிலிருந்து குமமோட்டோவுக்குப் புல்லட் ரயிலில் சுமார் 40 நிமிடம். அங்கே ஹோட்டல் வேண்டாமென்று, விருந்தினரைத் தங்க வைத்துக்கொள்ளும் ஒரு வீட்டில் நான்கு நாள் இருந்தோம். எழுபதைத் தாண்டிய தம்பதி. அந்த அம்மாளை நான் 'ஒகாசான்' என்றுதான் கூப்பிட்டேன். 'அம்மா' என்று அர்த்தம். பாஷைக்குக் கைப்பேசியில் மொழிபெயர்ப்பு இருக்கவே இருக்கிறது. அதுவும் உளறினால் கையும் கண்ணும் போதும். சமையலறையில் இரண்டு பெண்களுக்குப் பேச்சு எதற்கு?

இரண்டாம் நாள் காலையில், "இன்றைக்கு ராத்திரி தெமாகி" என்றார். சமையல் பாடம் உடனே ஆரம்பிக்கும் என்று நினைத்தேன். அவரோ எங்களைக் காரில் ஏற்றி, பக்கத்து ஊரான உதோவுக்கு, கடல் பார்க்க அழைத்துப் போய்விட்டார்!

அரியாகே கடல் அது. கடல் என்றாலும் வளைகுடா. தண்ணீர் ஏறும்போதும் இறங்கும்போதும் மட்டத்தில் 6 மீட்டர் வரை வித்தியாசம் வருமாம். ஓர் இடத்தில் ரோடு நேரே கடலுக்குள் இறங்குகிறது. ஓரத்தில் மின்கம்பங்கள் வரிசையாகத் தண்ணீருக்குள் நிற்கின்றன. கடல் வற்றினால் ரோடு, நிறைந்தால் வெறும் தண்ணீர். பாசி வளர்ப்பவர்கள் போய்வரப் போட்ட பாதை அது. தூரத்தில் கழிகளை நட்டு, அவற்றில் வலைகளைக் கட்டியிருந்தார்கள். சுஷி சுற்றுகிற 'நோரி' என்ற கறுப்புத் தாள் அந்த வலைகளில்தான் முளைக்கிறது. குளிர்காலத்தில் பாசியை அறுத்து, நறுக்கி, தண்ணீரில் கரைத்து, காகிதம் செய்வது போலவே சலித்து உலர்த்துகிறார்கள்.

அங்கே ஒரு குன்றின் மேல், கடலைப் பார்த்தபடி ஒரு நினைவுச் சின்னம் இருக்கிறது. யாருக்கு என்கிறீர்கள்? ஜப்பான் மண்ணை மிதித்தேயிராத ஓர் இங்கிலாந்துப் பெண்மணிக்கு! கேத்லீன் ட்ரூ பேக்கர் என்று பெயர். மான்செஸ்டர் பல்கலைக்கழகத்தில் தாவர இயல் விரிவுரையாளராக இருந்தவர். 1928-ல் கல்யாணம் செய்துகொண்டார். மணமான பெண்களை வேலையில் வைத்துக்கொள்வதில்லை என்பது அங்கே அப்போது வழக்கம். வேலை போயிற்று. ஆனாலும் அம்மாள் விடவில்லை, சம்பளம் இல்லாமலே ஆராய்ச்சியைத் தொடர்ந்தார்.

அந்தக் காலத்தில் பாசி விளைவதும் விளையாததும் அதிர்ஷ்டத்தைப் பொறுத்த விஷயமாக இருந்தது. கோடையில் பாசி மாயமாய் மறைந்துவிடும். மறுபடி விதை எங்கிருந்து வருகிறது என்று யாருக்கும் தெரியாது. கோடை முழுவதும் அது சிப்பி ஓட்டுக்குள் துளைத்துக்கொண்டு, கண்ணுக்கே தெரியாத இழையாக உயிர்வாழ்கிறது என்று 1949-ல் கண்டுபிடித்து எழுதினார் இவர். அதைப் பிடித்துக்கொண்டு ஜப்பானிய விஞ்ஞானிகள் சிப்பி ஓட்டில் விதையை வளர்க்கக் கற்றார்கள். பாசி வளர்ப்பு நிலைத்த தொழிலாயிற்று. 1957-லேயே அவர் காலமாகிவிட்டார். 1963-ல் இந்தச் சின்னத்தை எழுப்பினார்கள். ஒவ்வொரு ஏப்ரல் 14-ஆம் தேதியும் அவருக்கு இங்கே விழா எடுக்கிறார்கள். ஒகாசான் கைகூப்பி நின்றார். நானும் நின்றேன். "வேலையை விட்டு எடுத்தவங்க பேர் யாருக்காவது தெரியுமா?" என்று என்னவரிடம் கேட்டேன். காற்று பலமாக அடித்ததால் அவர் காதில் விழவில்லை போலிருக்கிறது.

சாயங்காலம் நாலரைக்குப் பாடம் ஆரம்பமாயிற்று.

அரிசியை நாலைந்து தரம் களைந்து, அரைமணி ஊற வைத்து, வடிகட்டினார். குட்டை அரிசி, 'மொரி நோ குமசான்' என்று அந்த ஊர் ரகம். 'காட்டுக் கரடியார்' என்று அர்த்தமாம்! அளக்கிற கிண்ணம் ஏறக்குறைய நம் ஆழாக்கு. 180 மில்லி பிடிக்கும். மூன்று கிண்ணம் போட்டார். வழக்கத்தைவிடத் துளி தண்ணீர் குறைத்து, 'கொம்பு' என்ற தடித்த கடற்பாசியில் ஒரு துண்டு போட்டு வேகவைத்தார். அதற்குள் அரிசி வினிகர் 5 மேஜைக் கரண்டி, சர்க்கரை 3 மேஜைக் கரண்டி, உப்பு ஒன்றரை டீஸ்பூன் கரைத்து வைத்தாயிற்று.

இனிமேல்தான் எனக்குப் பழக்கமான இடம். அகலமான மரத்தொட்டியை ஈரத்துணியால் துடைத்து, சுடு சோற்றை அதில் கொட்டி, வினிகரைப் பரவலாக ஊற்றி, தட்டைக் கரண்டியால் கீறிக் கீறிக் கலந்தார். குழைக்கக் கூடாது, பருக்கை உடையக் கூடாது. என்னிடம் ஒரு விசிறியைக் கொடுத்து வீசச் சொன்னார். அட, புளியோதரைக்குத் தாம்பாளத்தில் சாதத்தை ஆற்றுகிறோமே, அதேதான்! கரண்டியை வாங்கி நான் கலந்ததைப் பார்த்து, "நீ இதற்கு முன்னால் செய்திருக்கிறாய்" என்று கைப்பேசி மூலம் சொன்னார். முப்பத்தைந்து வருஷமாகச் செய்கிறேன், பெயர்தான் வேறு என்றேன். உடம்புச் சூட்டுக்கு ஆறினதும் ஈரத்துணி போட்டு மூடிவிட வேண்டும். ஃப்ரிஜ்ஜில் வைத்தால் பருக்கை விறைத்துப் போகும்.

மீதியெல்லாம் நறுக்குகிற வேலைதான். வெள்ளரிக்காய், தித்திப்பான முட்டை அடை, அவகேடோ, முள்ளங்கி முளை, 'ஷிசோ' என்ற வாசனை இலை, வேகவைத்த இறால், பச்சை மீன் இரண்டு வகை, நூலிழுக்கிற புளித்த சோயா 'நாத்தோ' (அதன் வாசனையைப் பற்றி நான் எதுவும் சொல்லப் போவதில்லை). எல்லாம் விரல் நீளத்துக்கு நறுக்கி ஒரே தட்டில் அடுக்கினார். கடைசியாக நோரித் தாளை அடுப்புத் தீயில் அப்பளம் வாட்டுவது போல ஒரு நொடி காட்டி, பாதியாக வெட்டினார்.

ஏழு மணிக்குச் சாப்பாட்டு மேஜை. நான் சர்க்கரைக்காரி. சாப்பாட்டுக்கு முன்னால் போடுகிற மாத்திரையைப் போட்டுக்கொண்டு, பழக்க தோஷம், பரிமாற எழுந்து நின்றேன்.

இந்த மாத்திரைக்கு ஒரு கதை உண்டு. 2021-ல் ஒரு ஞாயிற்றுக்கிழமை. வீட்டில் பத்துப் பேர், தோசை. மாத்திரை போட்டு முக்கால் மணி ஆகியும் கல்லை விட்டு நகர முடியவில்லை. கை நடுங்கி, வேர்த்துக்கொட்டி, கரண்டியோடு அப்படியே சரிந்துவிட்டேன். சர்க்கரை 52! "மாத்திரை போட்டால் உடனே சாப்பிட்டாகணும், யாருக்காகவும் காத்திருக்கக் கூடாது" என்றார் டாக்டர். (எல்லாச் சர்க்கரை மாத்திரையும் இப்படியல்ல. உங்களுடையது எப்படி என்று உங்கள் டாக்டரிடமே கேட்டுக்கொள்ளுங்கள்.) அவர் சொல்லிவிட்டார், தோசைக்கல் கேட்க வேண்டாமா? தோசை ஆறினால் யாருக்கும் பிடிக்காது. மொறுமொறுவென்று வேண்டுமென்றால் ஒருத்தி நின்றுதான் ஆக வேண்டும்.

ஒகாசான் என் தோளை அழுத்தி உட்கார வைத்தார். தாமும் உட்கார்ந்தார். அவர் கணவரும் உட்கார்ந்தார். "இததாகிமாஸ்" என்று கைகூப்பினார்கள். நடுவில் சோற்றுத்தொட்டி, தட்டு, நோரி. அவ்வளவுதான், பரிமாறுவதற்கு ஆளே இல்லை!

இடது உள்ளங்கையில் நோரியை வழவழப்பான பக்கம் கீழே இருக்கும்படி வைத்துக்கொள்ளவும். இடது பாதியில் சின்ன எலுமிச்சம்பழ அளவு சாதம், அழுத்தாமல் பரப்பவும். மேலே குறுக்காக இரண்டு மூன்று துண்டுகள், ஆசைப்பட்டு அதிகம் வைக்கக் கூடாது. இடது கீழ் மூலையை மேலே மடித்துக் கூம்பாகச் சுருட்டி, முனையை ஒரு பருக்கையால் ஒட்டவும். சோயா சாஸில் லேசாகத் தொட்டு உடனே கடிக்கவும். அந்த 'உடனே'தான் முக்கியம். இரண்டு மூன்று நிமிஷம் போனால் சோற்று ஈரத்தில் நோரி நமுத்து, பல்லுக்கு இழுவையாகிவிடும். ஆகவே ஒருத்தி எல்லாருக்கும் சுருட்டி வைக்கவே முடியாது. அவரவர் கையில் அவரவர் சுருட்டிக்கொண்டால்தான் மொறுமொறுப்பு. தோசையில் எந்த மொறுமொறுப்பு என்னை நிற்க வைத்ததோ, அதே மொறுமொறுப்பு இங்கே என்னை உட்கார வைத்துவிட்டது.

என்னவர் தட்டை என் பக்கம் நகர்த்தினார். "ஏம்மா, எனக்கு ஒண்ணு…"

ஒகாசான் பார்த்துவிட்டார். சிரித்துக்கொண்டே, "ஜிபுன் தே! ஜிபுன் தே!" என்றார். 'நீங்களே செய்துகொள்ளுங்கள்' என்று அர்த்தம். அவர் கணவர் என்னவர் கையில் ஒரு நோரித் தாளை வைத்தார். முதல் கூம்பு பிரிந்து மடியெல்லாம் சோறு. மூன்றாவது நின்றது. பெரிய மீன் துண்டு வைத்து, குழந்தை மாதிரி எல்லாரிடமும் காட்டினார் மனுஷன்.

"தினமும் இப்படித்தானா?" என்று ஒகாசானைக் கேட்டேன். கலகலவென்று சிரித்தார். தெம்புரா செய்கிற நாளில் அவர்தான் கடைசியாம். நம் பஜ்ஜி போலத்தானே, எண்ணெய்ச் சட்டியிலிருந்து எடுக்க எடுக்கச் சாப்பிட வேண்டும். மாமியார் இருந்த காலத்தில் மேஜைக்கே வந்ததில்லை, அடுப்பங்கரையிலேயே சாப்பிட்டு எழுந்துவிடுவாராம். "அதனால்தான் எனக்குத் தெமாகி பிடிக்கும்" என்றார். கைப்பேசி அதை ஓர் ஆண்குரலில் மொழிபெயர்த்தது, எங்கள் இருவருக்கும் சிரிப்பை அடக்க முடியவில்லை.

நான் நான்கு சுருள் சாப்பிட்டேன். எண்ணிச் சாப்பிட முடிகிறதே, சர்க்கரைக்காரிக்கு அதுவே பெரிய சௌகரியம். ஆனால் சோற்றிலேயே சர்க்கரை இருப்பதை மறந்துவிடாதீர்கள். நான் இப்போது ஒரு கரண்டிதான் போடுகிறேன். சோயா சாஸ் உப்புச் சமுத்திரம். ரத்த அழுத்தக்காரர்கள் முனையை மட்டும் தொட்டால் போதும். கொம்புவில் அயோடின் ஏராளம். தைராய்டு உள்ளவர்கள் அதைப் போடாமலே சமைக்கலாம். சைவக்காரர்கள் கவனிக்க: மசாலா தடவிய நோரியில் சில சமயம் மீன், இறால் சாறு சேர்த்திருப்பார்கள், அந்த முட்டை அடையிலும் மீன் சாறு கலப்பதுண்டு.

பச்சை மீனா? அங்கே பச்சையாகச் சாப்பிடுவதற்கென்றே தனியாகப் பக்குவப்படுத்தி விற்கிறார்கள். நம் மார்க்கெட் மீனைத் தயவுசெய்து அப்படிச் செய்து பார்க்காதீர்கள். கடல்மீனில் இருக்கும் ஒருவகைப் புழு வினிகருக்கோ, சோயாவுக்கோ, காரத்துக்கோ சாகாது. நன்றாக வேகவைக்க வேண்டும், அல்லது மைனஸ் 20 டிகிரியில் முழுதாக உறைய வைக்க வேண்டும். வீட்டு ஃப்ரிஜ்ஜை நம்பி இறங்க வேண்டாம். கர்ப்பிணிகள் பச்சை மீன் பக்கமே போக வேண்டாம்.

நான் தூத்துக்குடிக்காரி, சீலா மீனை வறுத்து உதிர்த்து வைக்கிறேன், ஜோராக இருக்கிறது. ஜப்பான் அரிசி கிடைக்காதபோது புதுப் பச்சரிசியைக் கொஞ்சம் குழைய வடித்தால் ஓரளவு ஒட்டும். கடையில் விற்கும் செயற்கை வினிகர் தொண்டையைக் கமறச் செய்கிறது, அதற்கு எலுமிச்சைச் சாறு தேவலை. நோரியைக் காற்றுப் புகாத டப்பாவில், உள்ளே வருகிற ஈரம் உறிஞ்சும் பொட்டலத்தோடு வைத்தால் நாளாகும்.

ஞாயிறு ராத்திரி எங்கள் வீட்டில் தோசை நின்று ஒரு வருஷத்துக்கு மேலாகிறது. நோரி இருந்தால் நோரி, இல்லாவிட்டால் முன்கூட்டியே இட்டு வைத்த சப்பாத்தி. நடுவில் ஒரே தட்டு. மாத்திரை போட்ட கையோடு நானும் உட்கார்ந்துவிடுகிறேன். மருமகள் அழகாகச் சுருட்டுகிறாள். என்னவருடையது மட்டும் இன்னமும் அடியில் ஒழுகுகிறது. சொன்னால் கேட்பதில்லை, மீனை அதிகம் வைக்கிறார்.